பார்க்க முடியாத ரேஸை வர்ணிப்பது எப்படி? கிரஹாம் வாக்கரின் கதை

கிரிக்கெட் வர்ணனை நமக்குப் பழகிப்போன விஷயம். ஒரு மைதானம், நடுவில் பிட்ச், உயரத்தில் ஒரு அறையில் வர்ணனையாளர். பந்து எந்தப் பக்கம் போனாலும் அவர் கண்ணுக்குத் தப்பாது. பார்த்ததைச் சொன்னால் போதும். மோட்டார் ரேஸ் வர்ணனையும் அதே மாதிரிதான் என்று நினைத்துக்கொண்டு டிவி முன்னால் உட்காருகிறோம். ஆனால் இந்த வேலை தொடங்கிய காலத்தில், வர்ணனையாளர் ரேஸைப் பார்க்கவே இல்லை. ஒரு வளைவையோ, நேர்ச்சாலையில் ஒரு துண்டையோ பார்த்திருப்பார். மற்றதெல்லாம் தொலைபேசியில் வந்த தகவல், கையில் இருந்த ஸ்டாப்வாட்ச், மடியில் இருந்த காகிதம் ஆகியவற்றை வைத்து அவரே கட்டி எழுப்பியது.

இது எப்படி நடந்தது என்று தெரிந்துகொள்ள கிரஹாம் வாக்கர் என்ற ஆங்கிலேயரின் வாழ்க்கை ரொம்ப வசதியானது. முதலில் மோட்டார் சைக்கிள் ரேஸ் வீரர். அப்புறம் வாரப் பத்திரிகை ஆசிரியர். கூடவே பிபிசி வானொலியின் ரேஸ் வர்ணனையாளர். ஃபார்முலா ஒன் பார்ப்பவர்கள் மர்ரே வாக்கர் என்ற பெயரைக் கேள்விப்பட்டிருப்பார்கள்; அவருடைய அப்பாதான் இவர். மகனின் புகழ் பெரிது, அதில் அப்பாவின் பெயர் அமுங்கிவிட்டது. எனக்கென்னவோ அப்பாவின் கதையில்தான் கற்றுக்கொள்ள அதிகம் இருப்பதாகத் தோன்றுகிறது.

கிரஹாம் வாக்கர் பிறந்தது 1896-ல். முதல் உலகப் போரில் டெஸ்பாட்ச் ரைடராக இருந்தார், அதாவது மோட்டார் சைக்கிளில் தகவல் கொண்டுபோகும் ராணுவ வீரர். குண்டு விழுந்து தொலைபேசிக் கம்பி அறுந்துபோனால், செய்தியை யாராவது நேரில் கொண்டுபோய்த்தான் சேர்க்க வேண்டும். சேறும் பள்ளமுமான பாதையில் அந்த வேலையைச் செய்தவர்களில் பலர் போருக்குப் பிறகு ரேஸ் ஓட்ட வந்தார்கள். கிரஹாமுக்குப் போரில் காலில் காயம். அதனால் தன் பைக்கின் கால் பிரேக்கைத் தனக்கு ஏற்றபடி மாற்றி அமைத்துக்கொண்டு ஓட்டினார்.

1920-லிருந்து 1934 வரை அவர் ஐல் ஆஃப் மேன் தீவின் டிடி ரேஸ்களில் கலந்துகொண்டார். டிடி என்றால் டூரிஸ்ட் டிராஃபி. நார்ட்டன், சன்பீம், ரட்ஜ் என்று மூன்று கம்பெனிகளின் வண்டிகளை ஓட்டினார். 1928-ல் வட அயர்லாந்தில் நடந்த அல்ஸ்டர் கிராண்ட் பிரீயில் சார்லி டாட்சனை 11 விநாடி வித்தியாசத்தில் தோற்கடித்தார். அந்த வெற்றியில் இன்னொரு செய்தியும் இருக்கிறது: சாலை ரேஸ் ஒன்று மணிக்கு 80 மைலுக்கு மேல், அதாவது சுமார் 129 கிலோமீட்டர் சராசரி வேகத்தில் முடிந்தது அதுதான் முதல் முறை. மாட்டு வண்டியும் பால் வண்டியும் போகிற ஊர்ச் சாலையை ஒருநாள் அடைத்துவிட்டு ஓட்டிய ரேஸ் அது. 1931-ல் டிடியில் 250 சிசி பிரிவில் ஜெயித்தார். முன்னால் போய்க்கொண்டிருந்த சக ரட்ஜ் வீரர் எர்னி நாட்டின் எஞ்சின் கடைசிக் கட்டத்தில் கோளாறு செய்ய, வெற்றி இவர் பக்கம் வந்தது. பின்னாளில் மைக் முன்னால் உட்கார்ந்தபோது, “முன்னிலையில் இருப்பவர் இன்னும் ஜெயிக்கவில்லை” என்பதை இவருக்கு யாரும் சொல்லிக் கொடுக்க வேண்டியிருந்திருக்காது.

இப்போது அந்த ஐல் ஆஃப் மேன் பற்றிக் கொஞ்சம். இங்கிலாந்துக்கும் அயர்லாந்துக்கும் நடுவில் கடலில் இருக்கிற சின்னத் தீவு. தனி நாடாளுமன்றம், தனிச் சட்டம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிரிட்டனில் வேக வரம்பு மணிக்கு 20 மைல். ரேஸுக்காகப் பொதுச் சாலையை அடைக்கவும் சட்டம் இடம் தரவில்லை. தீவுக்காரர்கள் சம்மதித்தார்கள். 1907-ல் அங்கே மோட்டார் சைக்கிள் டிடி தொடங்கியது. 1911-லிருந்து ரேஸ் மலைச் சாலைக்கு மாறியது. இன்றைய அளவில் அந்தச் சுற்று 37.73 மைல், சுமார் 60.7 கிலோமீட்டர். டக்ளஸ் நகரில் கிளம்பி, கிராமங்களைக் கடந்து, வடக்கே ராம்ஸி ஊர் வரை போய், ஸ்னேஃபெல் மலைச் சரிவில் ஏறி, மறுபடி டக்ளஸுக்கு இறங்குகிறது. எந்த மரத்தின் மேல் ஏறி நின்றாலும் இந்தச் சுற்றை முழுசாகப் பார்க்க முடியாது. உட்கார்ந்த இடத்தில் ஒரு பைக் சில விநாடி தெரியும். அது திரும்பி வர, அந்தக் காலத்தில் 25 நிமிடத்துக்கு மேல் ஆகும்.

அதாவது வர்ணனையாளருக்கு முதல் சிக்கல் தூரம். இதை எப்படிச் சமாளிப்பது?

பிபிசி விளையாட்டு வர்ணனையைத் தொடங்கியதே 1927 ஜனவரியில்தான். இங்கிலாந்துக்கும் வேல்ஸுக்கும் நடந்த ரக்பி ஆட்டம், ட்விக்கன்ஹாம் மைதானம், வர்ணித்தவர் டெடி வேக்லம். கேட்பவர்களுக்குப் புரிய வேண்டுமே என்று, மைதானத்தைக் கட்டம் கட்டமாகப் பிரித்து எண் போட்ட படம் ஒன்றை ரேடியோ டைம்ஸ் பத்திரிகையில் வெளியிடும் வழக்கம் அப்போது வந்தது. வேக்லம் ஆட்டத்தைச் சொல்லிக்கொண்டே போக, பின்னணியில் இன்னொரு குரல் பந்து எத்தனையாவது கட்டத்தில் இருக்கிறது என்று எண்ணை மட்டும் சொல்லும். வீட்டில் இருப்பவர் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு பின்தொடர வேண்டியது. இன்னொரு உத்தியும் செய்தார்கள். பார்வை இழந்த ஒருவரை அழைத்து வந்து அருகில் உட்கார வைத்து, “இவருக்கு விளக்குவதாக நினைத்துப் பேசுங்கள்” என்று வேக்லமிடம் சொன்னார்கள். வானொலி வர்ணனைக்கு இதைவிட நல்ல பயிற்சி இருக்க முடியாது என்றே சொல்வேன்.

ரக்பிக்குச் சில கட்டங்கள் போதும். 60 கிலோமீட்டர் மலைச் சாலைக்கு எத்தனை கட்டம் போடுவது? அங்கே வேறு வழி தேவைப்பட்டது. சுற்றின் பல இடங்களில் ஆட்களை நிறுத்த வேண்டும். ஒவ்வொருவரும் தன் முன்னால் கடந்துபோன வண்டியின் எண்ணையும் நேரத்தையும் சொல்ல வேண்டும். அதையெல்லாம் கோத்து ஒரே கதையாக ஒருவர் சொல்ல வேண்டும். டக்ளஸ் கிராண்ட்ஸ்டாண்டுக்கு எதிரே ஒரு பெரிய ஸ்கோர்போர்டு இருந்தது. சாரணர் சிறுவர்கள்தான் அதை இயக்கினார்கள். ஒவ்வொரு வீரரின் எண்ணுக்கும் கடிகார முகம் போன்ற ஒரு வட்டம். அதன் முள் நேரத்தைக் காட்டாது, வீரர் சுற்றில் எந்த இடத்தைத் தாண்டியிருக்கிறார் என்பதைக் காட்டும். தொலைபேசியில் செய்தி வந்ததும் ஒரு பையன் முள்ளை நகர்த்துவான். வீரர் கிராண்ட்ஸ்டாண்டை நெருங்கிவிட்டால் அவர் எண்ணுக்கு மேல் விளக்கு எரியும். சுற்று நேரத்தைப் பெயின்ட்டால் எழுதுவார்கள். கூட்டம் பாதி நேரம் சாலையைப் பார்க்காமல் இந்தப் பலகையைத்தான் பார்த்துக்கொண்டிருக்கும்.

முன்னால் போகிறவர் முன்னிலையில் இல்லை

தூரம் முதல் சிக்கல் என்றேன். இரண்டாவது சிக்கல்தான் புதிதாக வருபவர்களைக் குழப்புவது. டிடியில் எல்லோரும் ஒன்றாகக் கிளம்புவதில்லை. குறுகிய சாலை என்பதால் இடைவெளி விட்டு அனுப்புவார்கள். ஆகவே சாலையில் முதலில் வருகிறவர் ரேஸில் முதலில் இருக்கிறார் என்று சொல்ல முடியாது. ஒவ்வொருவரின் நேரத்திலிருந்தும் அவர் கிளம்பிய நேரத்தைக் கழித்துப் பார்த்தால்தான் உண்மை நிலவரம் தெரியும்.

1935-ம் ஆண்டின் சீனியர் டிடி, அதாவது 500 சிசி பிரிவு ரேஸ், இதற்குக் கச்சிதமான உதாரணம். நார்ட்டனில் ஜிம்மி கத்ரி, எண் 1. இத்தாலிய மோட்டோ குஸ்ஸியில் ஸ்டான்லி வுட்ஸ், எண் 30. இருவருக்கும் இடையில் 30 விநாடி வீதம் 29 இடைவெளி, ஆக மொத்தம் பதினான்கரை நிமிடம். கத்ரி சாலையில் வெகு முன்னால் போகிறார்; வுட்ஸ் எங்கோ பின்னால் வருகிறார். இருவரும் ஒருவரை ஒருவர் கண்ணால் பார்க்கவே இல்லை. ஆனால் போட்டி இந்த இருவருக்கும் நடுவில்தான்.

ஏழு சுற்று. கடைசிச் சுற்று தொடங்கும்போது நேரக் கணக்கில் வுட்ஸ் 26 விநாடி பின்தங்கியிருந்தார். மோட்டோ குஸ்ஸியின் பிட்டில், அதாவது ரேஸ் நடுவே வண்டி நின்று கிளம்பும் இடத்தில், பெட்ரோல் நிரப்ப எல்லா ஏற்பாடும் செய்து வைத்துக்கொண்டு ஆட்கள் தயாராக நின்றார்கள். அதைப் பார்த்த நார்ட்டன் குழு, வுட்ஸ் எப்படியும் நிற்கத்தான் போகிறார், அதில் இன்னும் சில விநாடி போய்விடும், கத்ரி பதற்றப்படத் தேவையில்லை என்று கணக்குப் போட்டது. வுட்ஸ் நிற்கவில்லை. பெரிய டேங்க், பெட்ரோல் போதும் என்று நேராகப் போய்விட்டார். பிட்டில் நடந்ததெல்லாம் நாடகம். நார்ட்டன்காரர்கள் விழித்துக்கொண்டு சுற்றின் மறுகோடிக்குத் தொலைபேசியில் சொல்லி, கத்ரிக்குச் சைகை காட்டச் சொல்வதற்குள் காலம் கடந்துவிட்டது.

கத்ரி முடித்தார். கைகுலுக்கல், வாழ்த்து எல்லாம் ஆயிற்று. கடிகாரம் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. வுட்ஸ் பதினான்கரை நிமிடத்துக்குள் வந்து சேர்ந்தால் ரேஸ் அவருடையது. 14 நிமிடம் 26 விநாடியில் வந்து சேர்ந்தார். நான்கு விநாடியில் வெற்றி.

இந்த ரேஸைக் கண்ணால் மட்டும் பார்த்து வர்ணித்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். கத்ரி ஜெயித்துவிட்டார், எல்லோரும் வீட்டுக்குப் போகலாம் என்று சொல்லியிருக்க வேண்டியதுதான். நேரக் கணக்கைத் தெரிந்தவருக்கோ, காலியாகக் கிடக்கும் சாலையே பரபரப்பு. யாருமே ஓடாத அந்தச் சில நிமிடங்களில்தான் ரேஸ் முடிவாகிறது. கேட்பவரையும் அந்தக் காலிச் சாலையைப் பார்த்துக்கொண்டு மூச்சைப் பிடித்தபடி உட்கார வைக்கத் தெரிந்தவர்தான் ரேஸ் வர்ணனையாளர்.

கிரஹாம் வாக்கர் இதற்குப் பொருத்தமான ஆளாக இருந்ததில் வியப்பில்லை. அந்தச் சாலையின் ஒவ்வொரு வளைவையும் ஓட்டிப் பார்த்தவர். எந்த இடத்தில் பிரேக் பிடிக்க வேண்டும், எந்த மேட்டில் இரண்டு சக்கரமும் தரையை விட்டு எழும் என்று உடம்புக்கே தெரியும். மலை மேல் மூடுபனி என்று தொலைபேசியில் ஒரு வார்த்தை வந்தால், அது எத்தனை விநாடி இழப்பு என்று அவரால் சொல்ல முடியும். 1930-களில் ரேஸ் ஓட்டுவதை நிறுத்திய பிறகு பிபிசிக்காக டிடி ரேஸ்களை வர்ணிக்க ஆரம்பித்தார். 1938-ல் ‘மோட்டார் சைக்கிளிங்’ வார இதழுக்கு ஆசிரியரானார். 1954 வரை அந்தப் பொறுப்பில் இருந்தார். பிரிட்டனில் அப்போது மோட்டார் சைக்கிளுக்கென்று இரண்டு பெரிய வார இதழ்கள். ஒன்றின் அட்டை நீலம், இன்னொன்றின் அட்டை பச்சை. வாசகர்கள் நீலம், பச்சை என்றே அவற்றைக் குறிப்பிட்டார்கள். வாக்கருடையது பச்சை.

பத்திரிகை வேலையும் வர்ணனையும் ஒன்றுக்கொன்று உதவின என்பது இதில் கவனிக்க வேண்டிய விஷயம். நிருபர் என்ற முறையில் பட்டறைக்குள் நுழைய முடிந்தது, மெக்கானிக்குகளிடம் பேச முடிந்தது. யாருடைய வண்டியில் புது ஸ்பிரிங், யார் பயிற்சியில் கீழே விழுந்து கையைக் கட்டிக்கொண்டு ஓட்டுகிறார் போன்ற செய்திகள் அங்கேதான் கிடைக்கும். ரேஸ் நாளில் ஒரு வீரர் வரவேண்டிய நேரத்துக்கு வரவில்லை என்றால் காரணத்தை ஊகிக்க அந்தக் குறிப்புகள்தான் துணை. ஊகத்தை ஊகம் என்று சொல்லிச் சொல்வது இன்னொரு ஒழுங்கு. அதுவும் நிருபர் வேலையில் பழகுவதுதான். இன்றைக்கும் நல்ல வர்ணனையாளர்கள் ரேஸுக்கு இரண்டு மூன்று நாள் முன்னதாகவே பிட்டில் சுற்றிக்கொண்டிருப்பதற்கு இதுதான் காரணம்.

மீசைக்கு ஒட்டிய மைக்

ஒரு சின்னக் கருவியைப் பற்றிச் சொல்லாமல் நகர மனமில்லை. ரேஸ் தடத்தின் ஓரத்தில் எஞ்சின் சத்தம் காதைப் பிளக்கும். சாதாரண மைக் வைத்தால் வர்ணனையாளர் குரல் அதில் கரைந்துவிடும். கண்ணாடி அறை கட்டலாம்; ஆனால் தடத்தின் ஓரத்தில் எல்லா இடத்திலும் கட்ட முடியாது, கட்டினாலும் சூழலின் உயிர்ப்பு போய்விடும். பிபிசி பொறியாளர்கள் 1930-களில் இதற்காகவே ஒரு மைக்கை உருவாக்கினார்கள். கைப்பிடியோடு இருக்கும். மேல்பகுதியில் ஒரு சின்னப் பட்டை நீட்டிக்கொண்டிருக்கும். அந்தப் பட்டையை மேலுதட்டில், மீசை இருக்கும் இடத்தில், ஒட்டி வைத்துக்கொண்டு பேச வேண்டும். அப்போது வாய்க்கும் மைக்குக்கும் உள்ள தூரம் எப்போதும் ஒரே அளவாக இருக்கும். மிக அருகிலிருந்து வரும் ஒலியை மட்டும் நன்றாக வாங்கி, தூரத்து ஒலியைத் தள்ளிவிடும்படி உள்ளே அமைப்பு. கத்தினாலும் கிசுகிசுத்தாலும் குரல் தெளிவாகப் போகும். பின்னணியில் எஞ்சின் சத்தம் அளவாகக் கேட்கும். பார்ப்பதற்கு ஏதோ முகமூடியை அழுத்திப் பிடித்திருப்பது போல இருக்கும். ஃபார்முலா ஒன் வர்ணனை டிவிக்கு வந்த பிறகும் இந்த மைக் போகவில்லை.

மகன் கதைக்கு வருவோம். மர்ரே வாக்கர் 1923-ல் பிறந்தார். இரண்டாம் உலகப் போரில் டாங்கிப் படையில் இருந்தார். அப்பாவைப் பார்த்து மோட்டார் சைக்கிள் ஓட்டினார். அப்பா அளவுக்கு வரவில்லை. பிழைப்புக்கு விளம்பரத் துறை. 1982-ல், 59 வயதில் ஓய்வு பெறும்வரை வார நாட்களில் விளம்பர நிறுவனத்தில் வேலை பார்த்தார். உலகம் கேட்ட அந்தக் குரல், பெரும்பாலும் சனி ஞாயிறு உபரி வேலை!

1948-ல் ஷெல்ஸ்லி வால்ஷ் என்ற இடத்தில் நடந்த மலையேற்றப் போட்டியில் ஒலிபெருக்கியில் அறிவிப்பது அவருடைய முதல் வாய்ப்பு. ஒரு குறுகிய மலைப் பாதையில் ஒவ்வொரு காராக மேலே ஏறும். யார் நேரம் குறைவோ அவர் ஜெயித்தார். ஒருவர் ஏறி முடித்து அடுத்தவர் கிளம்பும்வரை பேசிக்கொண்டே இருக்க வேண்டும். வாய் பழக நல்ல இடம். அடுத்த ஆண்டு ஈஸ்டர் சமயத்தில் பிபிசி அவரை குட்வுட் தடத்தில் சோதித்துப் பார்த்தது. உடனே மே மாதமே சில்வர்ஸ்டோனில் பிரிட்டிஷ் கிராண்ட் பிரீக்கு அனுப்பிவிட்டது. தலைமை வர்ணனையாளர் மேக்ஸ் ராபர்ட்ஸன். டென்னிஸ் வர்ணனைக்குப் பேர் போனவர். மர்ரேவுக்கு ஸ்டோவ் என்ற ஒரே ஒரு வளைவு. அங்கே நடப்பதை மட்டும் அவர் சொல்ல வேண்டும்.

ரேஸ் நடந்துகொண்டிருந்தபோது ஜான் போல்ஸ்டர் ஓட்டிய ஈஆர்ஏ என்ற பிரிட்டிஷ் ரேஸ் கார் அந்த வளைவில் கட்டுப்பாடு இழந்து உருண்டு, மர்ரே இருந்த இடத்துக்கு அருகிலேயே வந்து விழுந்தது. ஆள் செத்துப்போய்விட்டார் என்றுதான் மர்ரே நினைத்தார். புது ஆள். கையில் நேரடி ஒலிபரப்பு. போல்ஸ்டரின் குடும்பத்தார் வானொலி கேட்டுக்கொண்டிருக்கலாம். அவர் சொன்னது இவ்வளவுதான்: போல்ஸ்டர் தடத்தை விட்டு வெளியே போய்விட்டார். அதற்கு மேல் எதுவும் சேர்க்கவில்லை.

வர்ணனைக் கலையில் இது ஒரு தனிப் பாடம். விபத்தில் யாருக்கு என்ன ஆயிற்று என்று உறுதியாகத் தெரியும்வரை வர்ணனையாளர் வாயைத் திறக்கக் கூடாது. பார்த்த அசைவை மட்டும் சொல்லலாம். இன்றும் ஒரு மோசமான விபத்து நடந்ததும் டிவி வர்ணனையாளர்கள் திடீரென்று நிதானமாகப் பேச ஆரம்பிப்பதைக் கவனித்திருப்பீர்கள். போல்ஸ்டர் பிழைத்துக்கொண்டார். பலத்த காயம், ரேஸ் வாழ்க்கை அதோடு முடிந்தது. வேடிக்கை என்னவென்றால், அவர் பின்னாளில் ஆட்டோஸ்போர்ட் இதழின் தொழில்நுட்ப ஆசிரியராகி, பிபிசிக்காகப் பிட்டில் மைக்கோடு அலைந்தார். பிட் ரிப்போர்ட்டர் என்று இன்று நாம் சொல்கிற வேலையை முதலில் செய்தவர்களில் ஒருவர்.

அதே 1949-ல்தான் அப்பாவும் மகனும் சேர்ந்து டிடி ரேஸை வர்ணிக்கத் தொடங்கினார்கள். அப்பா ஒரு இடத்தில், மகன் சுற்றில் வேறொரு இடத்தில். அந்த வருட சீனியர் டிடியில், முன்னிலையில் வந்த லெஸ் கிரஹாமின் ஏஜேஎஸ் வண்டியில் முடிவுக் கோட்டுக்கு இரண்டு மைல் போல இருக்கும்போது மேக்னெட்டோ போய்விட்டது. மேக்னெட்டோ என்பது பிளக்குக்கு மின்பொறி தருகிற பாகம்; அது போனால் எஞ்சின் செத்த மாதிரி. மனிதர் வண்டியைத் தள்ளிக்கொண்டே வந்து ரேஸை முடித்தார். ஸ்கோர்போர்டு முன்னால் இருந்தவர்களுக்கு முதலில் தெரிந்ததெல்லாம் ஒன்றுதான்: வரவேண்டியவர் வரவில்லை. இப்படி ஒரு நேரத்தில், வளைவு ஒன்றில் நிற்கும் சக வர்ணனையாளர் சொல்லும் ஒரு வரி என்ன மதிப்பு பெறும் என்று சொல்லத் தேவையில்லை.

1962 செப்டம்பரில் கிரஹாம் வாக்கர் இறக்கும்வரை இந்தக் கூட்டணி நீடித்தது. கடைசி ஆண்டுகளில் அவர் பியூலியில் உள்ள மான்டேகு மோட்டார் மியூசியத்தில் பழைய மோட்டார் சைக்கிள்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்பாவுக்குப் பிறகு பிபிசியின் தலைமை மோட்டார் சைக்கிள் வர்ணனையாளர் மகன்.

ஒரு காகிதம், ஒரு பென்சில்

கார் ரேஸில் எல்லோரும் ஒன்றாகக் கிளம்புகிறார்கள், அங்கே என்ன குழப்பம் என்று கேட்கலாம். அங்கேயும் உண்டு. அதற்கு மருந்துதான் லேப் சார்ட். வீட்டிலேயே செய்து பார்க்கலாம், கம்ப்யூட்டர் வேண்டாம்.

ஒரு காகிதத்தில் சுற்றுக்கு ஒரு வரி. கார்கள் உங்கள் முன்னால் கடக்கும் வரிசையில் எண்களை எழுதுங்கள். முதல் சுற்று: 7, 3, 12, 5. இரண்டாவது சுற்று: 7, 3, 5. உடனே கேள்வி எழ வேண்டும், 12 எங்கே? பிட்டுக்குப் போயிருக்கலாம், எங்காவது நின்றுபோயிருக்கலாம். அடுத்த முறை 12-ம் எண் கார் 7-க்குக் கொஞ்சம் முன்னால் சீறிக்கொண்டு வருகிறது என்று வைத்துக்கொள்வோம். கண்ணுக்கு அது முதலிடம் மாதிரித் தெரியும். காகிதம் உண்மையைச் சொல்லும்: அது இரண்டாவது சுற்றைத்தான் இப்போது முடிக்கிறது, 7 அதன் பின்னாலேயே மூன்றாவதை முடிக்க வருகிறது. கூட்டம் கைதட்டிவிடும், சார்ட் வைத்திருப்பவர் ஏமாற மாட்டார். கம்ப்யூட்டர் வராத காலத்தில் பெரிய அணிகளிலும் இதைக் கையால்தான் எழுதினார்கள். ஓட்டுநர்களின் மனைவிமார் பலர் இதில் கெட்டிக்காரர்கள். பிட் சுவரில் உட்கார்ந்து மணிக்கணக்கில் தப்பில்லாமல் எழுதுவார்கள்.

1978-லிருந்து பிபிசி எல்லா ஃபார்முலா ஒன் ரேஸ்களின் தொகுப்பையும் காட்ட ஆரம்பித்தது. வர்ணனை மர்ரே வாக்கர். பல ரேஸ்களுக்கு அவர் நேரில் போகவே இல்லை. லண்டன் ஸ்டூடியோவில் ஒரு திரையைப் பார்த்துக்கொண்டே, தடத்தின் ஓரத்தில் நிற்பவர் போலப் பேசினார். அப்பாவுக்கு ஒரு வளைவு மட்டும் தெரிந்தது. மகனுக்கு இயக்குநர் எந்த கேமராவைக் காட்டுகிறாரோ அது மட்டும் தெரிந்தது. பார்த்தால் பெரிய வித்தியாசம் இல்லை.

1980-ல் ஜேம்ஸ் ஹண்ட் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். 1976-ன் உலக சாம்பியன். வர்ணனை அறையில் இரண்டு பேர் எதற்கு என்றால், வேலை இரண்டு. ஒருவர் நடப்பதைச் சொல்வார், எண்ணும் பெயரும் இடமும். மற்றவர் ஏன் நடந்தது என்று விளக்குவார், அதற்கு ஓட்டிய அனுபவம் வேண்டும். கிரஹாம் வாக்கர் ஒரே ஆளாகச் செய்த இரண்டு வேலையை டிவி இரண்டாகப் பிரித்துக் கொடுத்தது. இருவரும் ஒரே நேரத்தில் பேசிவிடக் கூடாதென்று பிபிசி ஒரே ஒரு மைக்கைத்தான் கொடுத்தது. ஆர்வம் தாங்காமல் நின்றுகொண்டே பேசுகிற மர்ரேவின் கையிலிருந்து அதை வாங்குவது சுலபமில்லை. ஒருமுறை இருவருக்கும் கைகலப்பு அளவுக்குப் போனது. அப்படியும் 1993-ல் ஹண்ட் இறக்கும்வரை அந்த ஜோடி நீடித்தது.

மர்ரே தப்பும் நிறையச் செய்வார். பெயர் மாறும். இவர் ஜெயித்த மாதிரிதான் என்று சொன்ன அடுத்த நிமிடம் அந்தக் காரில் புகை வரும். ஜனங்கள் அதையே ரசித்தார்கள். நேரடி வர்ணனையில் வாய் கண்ணை முந்துவதும், கண் வாயை முந்துவதும் சகஜம். 1986-ல் ஆஸ்திரேலியாவின் அடிலெய்டில் பிரிட்டிஷ் ஓட்டுநர் நைஜல் மான்செலின் டயர் முழு வேகத்தில் வெடித்து, கையில் இருந்த உலகப் பட்டம் நழுவியபோது, அவர் வாயிலிருந்து ஒழுங்கான வாக்கியமே வரவில்லை. பிரமாண்டமாக அது மான்செல் என்கிற மாதிரி ஒன்று வந்தது. இலக்கணம் சுத்தமாகத் தப்பு. அந்த நொடியை அதைவிடச் சரியாகச் சொன்னவர் யாருமில்லை.

பத்து வருடம் கழித்து, 1996 அக்டோபரில் ஜப்பானின் சுசுகாவில் டேமன் ஹில் சாம்பியனானார். அவர் அப்பா கிரஹாம் ஹில்லின் காலத்திலிருந்தே மர்ரே மைக் பிடித்துக்கொண்டிருந்தவர். தொண்டை அடைக்கிறது, நிறுத்திக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டு மௌனமானார். ஓயாமல் பேசிய மனிதர் அன்று பேசாமல் இருந்ததைத்தான் பிரிட்டனில் பலர் இன்றும் சொல்கிறார்கள். 2001-ல் அமெரிக்காவின் இண்டியானாபோலிஸில் நடந்த ரேஸோடு ஃபார்முலா ஒன் வர்ணனையிலிருந்து ஓய்வு பெற்றார். 2021 மார்ச்சில், 97 வயதில் காலமானார்.

இன்று ஃபார்முலா ஒன் பார்க்கும்போது திரையின் ஓரத்திலேயே வரிசையும் விநாடி இடைவெளியும் ஓடிக்கொண்டிருக்கின்றன. காகிதத்துக்கு அவசியமில்லை. பழைய முறையில் ஒரு ரேஸை அனுபவிக்க ஆசை இருந்தால் டிடியை வானொலியில் கேட்கலாம். தீவின் உள்ளூர் நிலையமான மேன்க்ஸ் ரேடியோ ஒவ்வொரு வருடமும் ஒலிபரப்புகிறது. இணையத்திலும் வருகிறது. இப்போதும் கிராண்ட்ஸ்டாண்டில் ஒருவர், சாலையோரத்தில் சிலர் என்று கைமாற்றிக் கைமாற்றித்தான் கதை நகர்கிறது. இப்போது பத்து விநாடி இடைவெளியில் அனுப்புகிறார்கள். கேட்கத் தொடங்கும்போது கிளம்பிய எண்ணையும் வரிசையையும் முதலில் குறித்துக்கொள்ளுங்கள். பெயர்கள் இரண்டாவது சுற்றுக்குள் தானாகப் பழகிவிடும்.